காலி உறை

துடுப்பு தண்ணீருக்குள் இறங்கும்போது, இது அவன் கத்திதான், வேறு யாருடையதாக இருக்கும் என்று தோன்றியது வல்புரிக்கு. துடுப்பு மேலே ஏறும்போது, போடி பைத்தியக்காரி, உனக்குப் போய் யார் கத்தி வைக்கப்போகிறார்கள் என்று தோன்றியது. இறங்கினால் ஒன்று, ஏறினால் ஒன்று. கரையைவிட்டுக் கிளம்பியதிலிருந்து இதே பாடுதான். மனசைக் கழற்றி வீட்டு ஆணியில் மாட்டிவிட்டு வர முடிந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும், கை பாட்டுக்குத் துடுப்பு போடும், வாய் பாட்டுக்குத் தேவாலயச் சங்கீதம் பாடும், ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமையாகவே கழிந்துபோகும். ஃபின்லாந்தின் நடுநாட்டில் ஏரியைச் சுற்றிச் சாலை வராத காலம் அது. இக்கரையில் குயிக்கானியெமி என்கிற இவள் ஊர், அக்கரையில் தேவாலயம். ஞாயிறு விடிந்தால் ஊரே ஒரு நீளப் படகில் ஏறும், பெஞ்சுக்கு இரண்டு பேர், ஆளுக்கொரு துடுப்பு. பூட்ஸுகளை வாரால் முடிந்து கழுத்தில் போட்டுக்கொள்வார்கள், அக்கரை மணலில் இறங்கித்தான் காலில் மாட்டுவார்கள். தோல் அவ்வளவு லேசாகக் கிடைக்கிற பொருளா என்ன. துடுப்பு போடுகிறவர்கள் எல்லாரும் பின்னோக்கி உட்கார்ந்திருப்பார்கள், ஆகையால் போகிற இடம் முதுகுக்குப் பின்னாலும் விட்டுவந்த இடம் கண்ணுக்கு முன்னாலும் இருக்கும். வல்புரிக்கு இதில் எப்போதுமே ஒரு மனத்தாங்கல் உண்டு. வாழ்க்கையில் ஒரு தடவையாவது போகிற இடத்தைப் பார்த்துக்கொண்டு போக வேண்டும் என்று அவளுக்கு ஆசை. இன்றைக்கு அந்த ஆசை இல்லை. இன்றைக்கு அக்கரை வராமலே இருந்தால் தேவலை என்று இருந்தது.

வலது இடுப்பில், சால்வைக்கு அடியில், கத்தி கனத்தது. பெரிய கனம் ஒன்றுமில்லை, ஒரு மீன் கனம்கூட வராது, ஆனால் இத்தனை வருஷம் காற்று மட்டும் போய்வந்த உறைக்குள் அது உட்கார்ந்திருந்ததில் இடுப்பே ஒரு பக்கமாகச் சாய்ந்துவிட்டதுபோல் இருந்தது அவளுக்கு. அந்தப் பக்கத்து வழக்கம் அப்படி. பெண் வயசுக்கு வந்து, பாதிரியார் முன்னால் வேதபாடம் ஒப்பித்து முடித்த கோடையில், இடுப்பு வாரில் ஒரு காலி உறையைக் கட்டிவிடுவார்கள். கத்தி கிடையாது, உறை மட்டும். அவளை வேண்டும் என்கிறவன் தேவாலய வாசல் நெரிசலில் தன் கத்தியைக் கொண்டுவந்து அதில் செருகிவிட்டுப் போய்விடுவான். அடுத்த ஞாயிறு அவள் கத்தியோடு வந்தால் சம்மதம், திருப்பிக் கொடுத்துவிட்டால் இல்லை. அவ்வளவுதான் பேச்சுவார்த்தை. கேட்கிறவனும் வாயைத் திறக்க வேண்டாம், சொல்கிறவளும் வாயைத் திறக்க வேண்டாம். வாயைத் திறப்பதென்றால் உயிர் போகிற அந்த ஊர்க்காரர்களுக்கு இதைவிட வேறென்ன வேண்டும். வல்புரிக்கும் கட்டினார்கள், சிவப்பு நூல் தையல் போட்ட நல்ல உறை. அவளோடு சேர்ந்து கட்டிக்கொண்டவர்கள் எல்லாம் ஒவ்வொருத்தியாகக் கத்தியோடு வந்து, பிள்ளையோடு வந்து, இப்போது அந்தப் பிள்ளைகளே துடுப்பு பிடிக்கிறார்கள். இவளுக்கு முப்பத்திரண்டு. சிவப்பு நூல் வெளுத்துச் சாணி நிறமாகிவிட்டது. ஒரே ஒரு தடவை, அதை நினைத்தால் இப்போதும் காது கொதிக்கும், இருபத்திமூன்று வயசில் ஒரு தடவை உறைக்குள் ஏதோ கனத்தது. தேவாலய வாசலில். குனிந்துகூடப் பார்க்கவில்லை அவள், பார்த்தால் பறந்துபோய்விடும் என்பதுபோல, நிமிர்ந்து, மெதுவாக, மகாராணி நடப்பதுபோலக் கல்லறைத் தோட்டம் முழுக்க நடந்தாள், எல்லாரும் பார்க்கட்டும் என்று. எல்லாரும் பார்த்தார்கள். பார்த்துச் சிரித்தார்கள். விறகுச் சிராயைச் செதுக்கி, பிடிக்குத் தார் பூசிக் கத்தி மாதிரி பண்ணி வைத்திருந்தான்கள் எந்தத் தடிப்பயல்களோ. பாதிரியாரின் மனைவிகூட கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டாள். ஏரியில் இறங்கிவிடலாமா என்று அன்றைக்கு வந்த நினைப்பை அவள் யாரிடமும் சொன்னதில்லை, அடுத்த ஞாயிறும் அதே உறையைக் கட்டிக்கொண்டு அதே படகில் வந்து உட்கார்ந்தாள், ஏனென்றால் கட்டாமல் வந்தால் அதற்கும் சிரிப்பார்கள்.

இப்போது மறுபடியும் கனம். போன ஞாயிறு திரும்பி வரும்போது நடு ஏரியில் பிசாசுக் காற்று ஒன்று கிளம்பியது, எல்லாருக்கும் நினைவிருக்கும். படகு குதியாட்டம் போட்டது. அலை முகத்தில் அறைந்ததில் வல்புரி கண்ணை மூடிக்கொண்டுதான் துடுப்பு போட்டாள். அந்த அமளியில் பக்கத்து ஆளின் துடுப்பு வளையம் அறுந்தது. மரக்கிளையை முறுக்கிச் செய்த வளையம், துடுப்பைப் படகின் விளிம்புக் கட்டையோடு பிணைப்பது அதுதான். அறுந்தால் பழசை வெட்டி எறிந்துவிட்டுப் புதுசு மாட்ட வேண்டும். யாரோ கத்தினார்கள், யாரோ வெட்டினார்கள், யார் மடியிலோ யார் முழங்கையோ இடித்தது. வீட்டுக்கு வந்து ஈரப் பாவாடையைக் கழற்றி, வாரை அவிழ்த்து ஆணியில் மாட்டப் போனால், உறைக்குள் கத்தி. முதலில் அவள் செய்த காரியம் கதவைச் சாத்தியதுதான். பிறகு மறுபடியும் சிராய்தானோ என்று விரல் நுனியால் தொட்டுப் பார்த்தாள். இரும்பு. நிஜ இரும்பு. தீட்டித் தீட்டி ஒல்லியாகிப்போன அலகு, கைபட்டுப் பட்டு வழவழத்த பிர்ச் மரப் பிடி, தார் வாசனை, புகை வாசனை, மீன் வாசனை. மோந்து பார்த்தாள், ஆமாம், மோந்துதான் பார்த்தாள், யாரும் பார்க்கவில்லை. எந்த ஆம்பிளை கத்தியில்தான் தாரும் புகையும் மீனும் வீசாது? அன்று முதல் வாரம் பூராவும் வைக்கோல் மெத்தைக்கு அடியில் கத்தி, மெத்தைக்கு மேலே தூக்கம் வராத இவள். அவனுடையதென்றால் அவன் ஏன் ஒன்றும் சொல்லவில்லை? சொல்வதற்கு என்ன இருக்கிறது, செருகுவதுதானே சொல்வது. ஆனால் காற்றிலும் அலையிலும் வெட்டிய அவசரத்தில் தன் உறை என்று நினைத்து இவள் உறையில் செருகிவிட்டானென்றால்? நடக்கக்கூடியதுதான். அவன் இவளுக்கு வலப்புறம் உட்காருகிறவன், கத்தியை இடது இடுப்பில் தொங்கவிடுகிறவன்; இவள் உறை வலது இடுப்பில். ஒரே பெஞ்சில் இரண்டு உறையும் ஒன்றையொன்று உரசிக்கொண்டுதான் கிடக்கும். கை தடவிய இடத்தில் ஒரு வாய் அகப்பட்டது, செருகினான், அவ்வளவுதான் விஷயமாக இருக்கலாம். சரி, அப்படியென்றால் வீட்டுக்குப் போனதும் தேடியிருக்க மாட்டானா? கத்தி இல்லாமல் ஓர் ஆம்பிளையால் ஒருவேளை ரொட்டி தின்ன முடியுமா? தேடிக்கொண்டு வரவில்லையே. ஏரியில் விழுந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருப்பான். ஐயோ, அப்படித்தான் இருக்கும். எல்லாவற்றிலும் மோசம் இன்னொன்று. மறந்து வைத்துவிட்டான் என்றே வைத்துக்கொள்வோம், கொண்டுபோய்க் கொடுத்தால் என்ன அர்த்தம்? கத்தியைத் திருப்பிக் கொடுத்தால் வேண்டாம் என்று அர்த்தம். கொடுக்காமல் கட்டிக்கொண்டு வந்தால் சரி என்று அர்த்தம். யாரும் கேட்காத கேள்விக்கு அவள் ஆமாம் என்று சொல்வதா, இல்லை என்று சொல்வதா? இப்படி ஒரு சனியனை வழக்கமென்று வகுத்து வைத்தவன் மட்டும் கையில் கிடைத்தால்.

அவன் பெயர் தானேலி. ஏரிக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் நிலமுனையின் கோடியில் குத்தகைக்கு ஒரு துண்டு நிலம், ஒரு பசு, ஒரு குடில், கல்யாணம் ஆகாத ஆள். பதினோரு வருஷமாக இவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து துடுப்பு போடுகிறான். படகில் இடம் வீட்டுக்கு இத்தனை என்று பிரித்தது, யாரும் ஆசைப்பட்டு உட்காருவதில்லை. அந்தப் பிரிவினைக்கு வல்புரி ராத்திரி ஜெபத்தில் தனியாக நன்றி சொல்வாள், பெயர் சொல்லாமல். பதினோரு வருஷத்தில் அவன் பேசியதை எல்லாம் கூட்டிப் பார்த்தால் ஒரு சங்கீதத்தின் நீளம் வராது. காத்து திரும்புது. கொஞ்சம் காலை நகர்த்திக்கோ. மழை வரும்போல. பெரும்பாலும் காத்து திரும்புதுதான். காற்று திரும்பினாலும் சொல்வான், சில நாள் திரும்பாவிட்டாலும் சொல்வான். அதற்கு இவள் ஆமா என்பாள். ஒருநாள் இலையுதிர் காலத்தில், திரும்பி வரும் வழியில் பசி கண்ணை அடைத்துக்கொண்டு வந்தபோது, சட்டைப்பையிலிருந்து தணலில் சுட்ட டர்னிப் கிழங்கு ஒன்றை எடுத்து, இதே கத்தியால், ஆமாம், இதே கத்தியாகத்தான் இருக்க வேண்டும், சரிபாதியாக வெட்டி, ஒன்றுமே சொல்லாமல் இவள் மடியில் ஒரு பாதியை வைத்தான். அன்றைக்குப் பிடியைப் பார்த்தாளா? பார்க்கவில்லையே! பாவி மகள், அவன் கையைப் பார்த்தாள். கட்டைவிரலில் பழைய தழும்பு, நகத்தடியில் தார், மணிக்கட்டில் வெயில்பட்ட முடி மஞ்சளாக. அந்தக் கையை இருட்டில் வைத்துக் கேட்டாலும் சொல்லிவிடுவாள், அதில் இருந்த கத்தியை மட்டும் பார்க்கவில்லை. அவள் அவனை ஆசைப்பட்டாள். இதைச் சொல்வதற்குச் சுற்றி வளைக்க ஒன்றுமில்லை. பால் கறக்கும்போது ஆசைப்பட்டாள், வைக்கோல் கட்டும்போது ஆசைப்பட்டாள், பனிக்காலத்தில் ஏரி உறைந்து படகு கவிழ்த்துக் கிடக்கிற மாதங்களில் சறுக்குவண்டியில் அண்ணனுக்குப் பின்னால் உட்கார்ந்து தேவாலயம் போகும்போது வலது தோளில் யாரும் உரசவில்லையே என்று அழுகை வரும்வரை ஆசைப்பட்டாள். பனி உருகுகிற சத்தம் கேட்டால் மற்றவர்களுக்கு உழவு ஞாபகம் வரும், அவளுக்கு அந்தப் பெஞ்சு ஞாபகம் வரும். தோளும் தோளும் ஒன்றாகப் போய் ஒன்றாக வரும், மூச்சும் அப்படியே. புருஷன் பெண்டாட்டிகூட இப்படி ஒன்றாக மூச்சு விடுவார்களா என்று ஒருநாள் நினைத்து, நினைத்த இடம் தேவாலய வாசல் என்பதால் உடனே மன்னிப்பும் கேட்டுக்கொண்டாள்.

நேற்று, சனிக்கிழமை, பெண்கள் முறைக்கு நீராவிக் குளியலுக்குப் போனபோதுதான் அண்ணி ஹெத்தா அந்தப் பேச்சை எடுத்தாள். சவுனாவின் சூட்டுக் கல்லில் தண்ணீரை ஊற்றி, ஆவி புஸ்ஸென்று கிளம்பி முகம் தெரியாமல் போனபிறகுதான் எடுத்தாள். நல்ல மனுஷிதான், முகத்துக்கு நேரே சொல்ல அவளுக்கும் கஷ்டமாகத்தான் இருந்திருக்கும். "வல்புரி, நான் சொல்றேன்னு கோபப்படாதே. இந்தக் கோடையில நம்ம பொண்ணு ஈதா வேதபாடம் முடிக்கிறா. ஒரே வீட்டுல இருந்து அத்தையும் உறையோட, மருமகளும் உறையோட வந்தா ஊரு என்ன சொல்லும்?" என்றாள். வல்புரி குளியல் வழக்கப்படி பிர்ச் இலைக்கொத்தால் தோளில் அடித்துக்கொண்டே இருந்தாள், வேண்டியதைவிடக் கொஞ்சம் பலமாக. "நாளைக்குக் கடைசியாக் கட்டிக்கோ. அப்புறம் அதையே ஈதாவுக்குக் கொடுத்திடலாம். நல்ல தோல், புது நூல் போட்டாப் போதும்." "சரி அண்ணி," என்றாள் வல்புரி. வேறென்ன சொல்வது. மெத்தைக்கு அடியில் கத்தி இருக்கிறது, யாருடையது என்று தெரியவில்லை, ஒருவேளை கேலிக்கு வைத்ததோ என்னவோ என்று சொல்லவா? ஈதாவின் இடுப்பில் அந்த உறையை நினைத்துப் பார்த்தாள். நல்ல பெண், கன்னத்தில் ரத்தம் ஓடுகிற பெண், ஒரே கோடையில் கத்தி வந்துவிடும். உறைக்கும் விமோசனம் கிடைக்கும் பாவம். இவள்? மாட்டுத் தொழுவத்துக்குப் பக்கத்து அறை இருக்கிறது, அண்ணன் பிள்ளைகள் இருக்கின்றன, கஞ்சி கிடைக்கும், யாரும் விரட்டமாட்டார்கள். படகில் இடம்? உறை கழற்றியவர்களைப் பின்பக்கம் கிழவிகளோடு உட்காரவைப்பார்கள், துடுப்பு கிடையாது, மடியில் பாட்டுப்புத்தகம். அவள் இடத்தில் ஈதா உட்காருவாள். அதுதான். அந்த இடத்துக்கு வந்ததும்தான் நேற்று ராத்திரி மெத்தையில் எழுந்து உட்கார்ந்துவிட்டாள். உறை போனால் போகட்டும், கல்யாணம் போனால் போகட்டும், அந்தப் பெஞ்சு போகிறதே. வேறொருத்தி தோளுக்குப் பக்கத்தில் அவன் காத்து திரும்புது என்பானே.

அதனால்தான் காலையில் இந்தக் கோழைத்தனம். முதலில் கத்தியை மெத்தைக்கு அடியிலேயே விட்டுவிட்டு வெறும் உறையைக் கட்டினாள். கதவுவரை போய்த் திரும்பிவந்து கத்தியைச் செருகினாள். பிறகு கம்பளிச் சால்வையை எடுத்து இடுப்பைச் சுற்றிக் கட்டி, உறையும் தெரியாமல் கத்தியும் தெரியாமல் மூடினாள். ஆமாம் என்றும் இல்லை, இல்லை என்றும் இல்லை. படகுத்துறையில் ஹெத்தா பார்த்துவிட்டு, "இந்த வெயில்ல எதுக்குடி சால்வை?" என்றாள். "இடுப்புப் பிடிப்பு அண்ணி." "வயசாகுதில்ல," என்றாள் ஹெத்தா, நல்ல மனதோடுதான். இப்போது முன்பெஞ்சில் ஹெத்தாவின் முதுகு தெரிந்தது, அதற்கு அப்பால் சுக்கான் பிடித்து நின்ற கிழவன் வில்ப்பு தெரிந்தான். படகிலேயே போகிற திசையைப் பார்க்கிறவன் அவன் ஒருவன்தான், அத்தனை பேர் முகத்தையும் பார்க்கிறவனும் அவன்தான். அந்தக் கண்ணுக்குத் தப்பி ஒரு ஈ பறக்க முடியாது. தானேலி இன்றைக்கு நீளச் சட்டை போட்டிருந்தான், ஓரம் தொடைவரை தொங்கியது. அந்த ஓரத்துக்கு அடியில்தான் இருக்கிறது எல்லா விடையும். ஒரு சாண் தூரம்கூட இல்லை. அவன் உறைக்குள் கத்தி இருந்தால் இவளிடம் இருப்பது யாரோ பயல்களின் கேலி, இல்லாவிட்டால் அவனுடையது. காற்று ஒரு ஊது ஊதினால் சட்டை ஓரம் தூக்கிக்கொள்ளும். பிசாசு மாதிரி போன வாரம் அடித்த காற்று இன்றைக்கு எங்கே போய்த் தொலைந்தது, ஏரி கொட்டிவைத்த பால் மாதிரி கிடந்தது. கேட்டால் என்ன? இது உன் கத்தியா. மூன்றே சொல். சரி, அந்தப் பாறைத் தீவைத் தாண்டியதும் கேட்கலாம். தீவைத் தாண்டியது. கோரைப் புல் வரட்டும். கோரை வந்து, உரசி, பின்னால் போனது. தேவாலய மணி தண்ணீர்மேல் உருண்டு வந்தது. இன்னும் கொஞ்சம் நேரம்தான். கரையில் இறங்கினால் அவன் ஆண்கள் பக்கம், இவள் பெண்கள் பக்கம், திரும்பி வந்தால் சாயங்காலம், சாயங்காலம் வந்தால் உறை ஈதாவுக்கு. அப்போது தானேலி தொண்டையைச் செருமினான். வல்புரியின் துடுப்பு பாதியில் நின்றது. சொல்லப்போகிறான். "காத்து..." என்று ஆரம்பித்தான், ஏரியைப் பார்த்தான், ஓர் இலைகூட அசையாததைப் பார்த்தான், வாயை மூடிக்கொண்டான்.

அந்த நேரம் பார்த்துத்தான் கோரைக்குப் பின்னாலிருந்து மேலூர்ப் படகு நீட்டிக்கொண்டு வந்தது. இரண்டு ஊர்ப் படகும் ஒரே தண்ணீரில் பார்த்துக்கொண்டால் பந்தயம்தான், யாரும் சொல்ல வேண்டியதில்லை, கடவுளைக் கும்பிடப் போகிறோம் என்பதெல்லாம் அதற்கு அப்புறம்தான். "இழுங்கடா! மேலூர்க்காரன் மூஞ்சியில தண்ணி அடிங்கடா!" என்று வில்ப்பு எம்பிக் குதித்தான். எல்லாத் துடுப்பும் ஒன்றாக விழுந்தது. வல்புரிக்கு ஒரு நிமிஷம் எல்லாம் மறந்துபோயிற்று. தோள், தோள், மூச்சு, மூச்சு, இப்படியே அக்கரையைத் தாண்டி, தேவாலயத்தைத் தாண்டி, எங்கேயாவது போய்விட்டால் போதும் என்று இருந்தது. பட்டென்று ஒரு சத்தம். அதே வளையம், தானேலியின் துடுப்பு வளையம். போன வாரம் அவசரத்தில் மாட்டியது, முறுக்கு பிரிந்து கட்டையில் சிக்கிக்கொண்டு நின்றது. துடுப்பு துள்ளிப் பின்பெஞ்சுக்காரன் மார்பில் இடித்தது, படகு ஒரு பக்கமாகத் திரும்பியது, மேலூர்க்காரர்கள் ஊளையிட்டார்கள். "வெட்டு! வெட்டி எறிஞ்சிட்டு மாட்டு! கத்தியை எடுடா தானேலி!" என்று வில்ப்பு கத்தினான். தானேலி அசையவில்லை. இரண்டு கையையும் முழங்காலில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். "செவிடாடா நீ? கத்தி!" "இல்ல," என்றான் தானேலி. "என்ன இல்ல?" "கத்தி இல்ல." யாரோ சிரித்தார்கள். "கத்தி இல்லாம வந்தானாம்! கால்சட்டையாவது போட்டிருக்கானா பாருங்கப்பா!" என்றான் வில்ப்பு, எல்லாரும் குலுங்கினார்கள். தானேலியின் கழுத்து சிவந்தது, காது சிவந்தது, அவன் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தான். பின்பெஞ்சுக்காரன், "இந்தா, என்னுதை வாங்கிக்கோ," என்று இடுப்பில் கைவைத்தான். வல்புரிக்கு எல்லாம் தெளிவாகத் தெரிந்தது. அந்தக் கத்தி கைமாறினால் வளையம் மாட்டியாகிவிடும், படகு போய்ச் சேர்ந்துவிடும், ஒன்றுமே நடந்திருக்காது. சும்மா இருந்தால் போதும், சும்மா இருப்பது அவளுக்குக் கைவந்த கலை. கல்லறைத் தோட்டம் ஞாபகம் வந்தது, கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்ட பாதிரியார் மனைவி ஞாபகம் வந்தது, ஏரி எவ்வளவு ஆழம் என்று யோசித்த அந்தச் சாயங்காலம் ஞாபகம் வந்தது. சால்வையின் முடிச்சைப் பிடித்து இழுத்தாள். அவிழவில்லை. கழுதை முடிச்சு, அவளே போட்டது. பல்லைக் கடித்துக்கொண்டு இரண்டு கையாலும் பிய்த்து, சால்வையை உருவிக் காலடியில் போட்டாள். "இங்க இருக்கு," என்றாள். சத்தமாகவே வந்துவிட்டது குரல்.

ஹெத்தா திரும்பினாள். வில்ப்புவின் வாய் திறந்தபடி நின்றது. பெஞ்சு பெஞ்சாகத் தலைகள் திரும்புவது அவளுக்குத் தெரிந்தது, மேலூர்ப் படகு தாண்டிப் போவதும் தெரிந்தது, யாரும் அதைப் பார்க்கவில்லை. தானேலி அவள் இடுப்பைப் பார்த்தான். பிர்ச் மரப் பிடியைப் பார்த்தான். ரொம்ப நேரம் பார்த்ததுபோல் இருந்தது. பிறகு கையை நீட்டி அதை உருவினான். உறை இலேசானது. அவ்வளவுதான், தன் பொருளை எடுத்துக்கொண்டான், தொலைந்தது கிடைத்துவிட்டது. அவன் குனிந்து சிக்கிய வளையத்தை இரண்டே அறுப்பில் அறுத்தான், பெஞ்சடியிலிருந்து புதுசை எடுத்துக் கட்டையில் மாட்டினான், துடுப்பை அதில் நுழைத்தான். குனிந்து நிமிர்ந்ததில் சட்டை ஓரம் தூக்கிக்கொண்டது. அடியில் அவன் உறை, காலியாக, கறுத்த வாயைத் திறந்துகொண்டு. எதைப் பார்க்க ஆசைப்பட்டாளோ அதைப் பார்த்தாகிவிட்டது. அவனுடையதுதான். இனி அது அந்த வாய்க்குள் போகும். அவன் அலகை முழங்காலில் இந்தப் பக்கம் ஒரு தடவை, அந்தப் பக்கம் ஒரு தடவை துடைத்தான். கை கீழே இறங்கியது, இரண்டு உறைக்கும் நடுவில் வந்து நின்றது. போன வாரம் காற்று இருந்தது, அலை இருந்தது, தெரியாமல் நடந்தது என்று சொல்லிக்கொள்ளலாம். இன்றைக்கு ஏரி பால் மாதிரி கிடந்தது, வெயில் பளிச்சென்று அடித்தது, ஊரே பார்த்துக்கொண்டிருந்தது. தானேலி கத்தியை வல்புரியின் உறையில் செருகினான். செருகிவிட்டுக் கட்டைவிரலால் பிடியை ஓர் அழுத்து அழுத்தினான், தோல் கிறீச்சிட்டு அலகு அடிவரை போய் உட்கார்ந்தது.

வில்ப்புகூடக் கேலி பண்ணவில்லை, அதுதான் அதிசயம். தொண்டையை மட்டும் இரண்டு தடவை கனைத்தான். ஹெத்தா முன்பக்கம் திரும்பித் துடுப்பை எடுத்துக்கொண்டாள். முதுகைக் காட்டியபடியே, யாரிடமோ சண்டை போடுகிற குரலில், "அப்போ ஈதாவுக்குப் புது உறைதான் தைக்கணும்," என்றாள், சொல்லிவிட்டு மூக்கை உறிஞ்சினாள். துடுப்புகள் மறுபடி தண்ணீரில் இறங்கின. தோளும் தோளும் ஒன்றாகப் போய் ஒன்றாக வந்தன. இறங்கும்போது வந்த நினைப்பும் ஏறும்போது வந்த நினைப்பும் ஒன்றாகவே இருந்தது வல்புரிக்கு, வாழ்நாளில் முதல் தடவையாக. கரை நெருங்கிப் படகின் அடியில் மணல் கரகரத்தபோது தானேலி ஏரியைப் பார்த்துக்கொண்டே சொன்னான்.

"காத்து திரும்புது."

எங்கேயும் ஒரு பொட்டுக் காற்று கிடையாது.

"ஆமா," என்றாள் வல்புரி. "திரும்பிடுச்சு."